எடை குறையாத கேம் பெட்டி

ஆரணி,
ஆவணி மாதம், வெள்ளிக்கிழமை.

மதிப்பிற்குரிய மாப்பிள்ளை ராஜ்குமார் அவர்களுக்கு,

உங்கள் மாமனார் சிவப்பிரகாசம் எழுதுவது. சென்னையில் நீங்களும் சம்பந்தி வீட்டாரும் தலைவலி, சளி என்று எதுவும் இல்லாமல் இருக்க வேண்டுமென்று தினமும் விளக்கேற்றும்போது நினைத்துக்கொள்கிறேன். இங்கே நானும் உங்கள் மாமியார் கமலமும் வேளாவேளைக்குச் சாப்பிடுகிறோம். அதற்கு மேல் சௌக்கியம் என்று எழுத எனக்குக் கை வரவில்லை.

போன் இருக்கும்போது எதற்குக் கடிதம் என்று கேட்பீர்கள். போனை நான் நம்புவதில்லை. போன மாதம் கமலத்திடம் முழங்கால் வலிக்கிறது என்று ஒரே ஒரு தடவை சொன்னேன். அன்றிலிருந்து என் போனைத் திறந்தால் தைலம், முட்டிக்குப் போடும் பட்டை, அதிரும் நாற்காலி. இப்படி ஒட்டுக் கேட்கும் கருவியில் குடும்ப விஷயம் பேச முடியுமா? வீட்டு விலாசத்துக்கு எழுதினால் சம்பந்தியம்மா பிரித்துப் பார்க்கக்கூடும். அவர்களைக் குறையாகச் சொல்லவில்லை, நானாக இருந்தாலும் பிரித்துத்தான் பார்ப்பேன். அதனால் உங்கள் ஆபீஸ் விலாசத்துக்கு அனுப்புகிறேன்.

விஷயத்துக்கு வருகிறேன். வைகாசியில் கல்யாணம் முடித்து, முறைப்படி ஆடி மாதத்துக்குப் பெண்ணை எங்கள் வீட்டுக்கு அழைத்து வந்தோம். ஆடிக்கு வரும் புதுப்பெண் நாலு புடவை, ஒரு சீப்பு, ஒரு தலையணை கொண்டு வருவாள். எங்கள் பானுப்ரியா தலையணையை அங்கேயே விட்டுவிட்டு, டி.வி.யில் மாட்டி விளையாடும் உங்கள் கேம் பெட்டியைக் கட்டிக்கொண்டு வந்தாள். பஸ்ஸில் வரும் வழியெல்லாம் அதை மடியிலேயே வைத்திருந்தாள். அப்போதே எனக்குச் சந்தேகம் தட்டியது. புகுந்த வீட்டிலிருந்து ஒரு பெண் துணிமணி கொண்டு வந்தால் திரும்பிப் போவாள் என்று அர்த்தம். பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தால்?

நாங்கள் பட்டுத் தொழில்காரர்கள். தறிக்காரருக்குப் பட்டு நூலும் ஜரிகையும் எடை போட்டுக் கொடுப்போம். நெய்த புடவை வந்ததும் எடை போட்டு வாங்குவோம். என் மைத்துனன் சந்திரமோகன் நெய்து கொண்டு வந்தாலும் எடை போட்டுத்தான் வாங்குகிறேன், அவனும் கோபித்துக்கொண்டதில்லை. ஆகவே உங்கள் பெட்டி வீட்டுக்குள் நுழைந்த அன்றே எங்கள் எலக்ட்ரானிக் தராசில் வைத்து எடையைக் குறித்துக்கொண்டேன். நாளைக்குத் திருப்பிக் கொடுக்கும்போது பெண் வீட்டார் எதையாவது எடுத்துக்கொண்டார்கள் என்று ஒரு சொல் வரக்கூடாது பாருங்கள்.

ஆடி முடிந்தது. ஆவணி பிறந்து வளர்ந்துகொண்டிருக்கிறது. "எப்பம்மா கிளம்பறே?" என்று கேட்டால், "இருப்பா, பெட்டியில இடம் பத்தல, பெருசு பண்ணிட்டுப் போறேன்" என்கிறாள். ஆபீஸ் வேலையை இங்கிருந்தே கம்ப்யூட்டரில் பார்க்கிறாள். புருஷன் வீட்டுக்குப் போவதற்கும் பெட்டியில் இடம் பற்றாததற்கும் என்ன சம்பந்தம் என்று நீங்களே சொல்லுங்கள்.

பெட்டியைப் பெரிசாக்க அவள் கூப்பிட்டது எங்கள் தெரு தேவநேசன் சாருடைய மகன் சார்லியை. பானுவோடு பள்ளிக்கூடத்தில் படித்தவன். செய்யார் கம்பெனியில் காலை ஷிப்ட் முடித்துவிட்டு, கம்பெனி பஸ்ஸில் வந்து இறங்கி நேராக எங்கள் வீட்டுக்கு வந்தான். நல்ல குடும்பம், மரியாதையான பையன், எல்லாம் சரி. ஆனால் சட்டைப் பையில் அத்தனை சின்ன ஸ்குரூ டிரைவரை வைத்துக்கொண்டு திரிகிறவனை நான் எப்படிச் சந்தேகப்படாமல் இருப்பது? நாற்காலியைப் பக்கத்தில் இழுத்துப் போட்டு, தராசை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன்.

பெட்டியின் பக்கவாட்டு மூடியைக் கழற்றி, சூயிங்கம் பட்டை மாதிரி ஒரு கார்டைச் சொருகித் திருகினான். எடை போட்டேன். கார்டின் எடை எவ்வளவோ அவ்வளவு ஏறியிருந்தது. சரி, பையன் நாணயமானவன்தான் என்று நினைத்துக்கொண்டேன். அதோடு அவர்கள் நிறுத்தியிருந்தால் இந்தக் கடிதமே வேண்டியிருக்காது. அடுத்து பானு ஒரு தனி ஹார்டு டிஸ்க்கை எடுத்து ஒயரில் மாட்டினாள். பெட்டிக்குள் இருக்கும் ஆட்டங்களில் பாதியை அதற்கு மாற்றப் போகிறார்களாம். டி.வி.யில் ஒரு கோடு மெல்ல மெல்ல நகர்ந்தது. கால்பந்து போனது, கார் ரேஸ் போனது, அந்தத் துப்பாக்கி ஆட்டம் போனது. அத்தனையும் உங்கள் ஆட்டங்கள், மாப்பிள்ளை! மறுவீட்டுக்கு வந்தபோது நீங்களே என்னிடம் ஆசை ஆசையாகச் சொன்னவை. உங்களுடையதைப் பொறுக்கிப் பொறுக்கி வெளியே அனுப்புகிறாள் என் பெண்.

"அவரோடதையெல்லாம் எதுக்கும்மா வெளியே தள்றே?" என்றேன்.

"அதெல்லாம் பழசுப்பா, வெளியே இருந்தாலும் ஓடும். புதுசுதான் உள்ளே இருக்கணும்" என்றாள்.

கல்யாணமாகி மூன்று மாதம். அதற்குள் எது பழசு, எது புதுசு? சொத்தைப் பாகம் பிரிக்கும்போதுகூட ஊரில் நாலு பெரியவர்களை வைத்துத்தான் பிரிப்பார்கள்.

இத்தனையும் போன பிறகு பெட்டியைத் தூக்கித் தராசில் வைக்கலாம் என்று பார்த்தால், ஒயரைப் பிடுங்கக்கூடாது என்று சார்லி என் கையைப் பிடித்துக்கொண்டான். பிடுங்கக்கூடாது என்று ஒருவன் சொன்னாலே அதில் ஏதோ இருக்கிறது. அவன் காபி வாங்கத் திரும்பிய நேரம் பார்த்துப் பிடுங்கினேன். எடை போட்டேன். கேளுங்கள் மாப்பிள்ளை, இவ்வளவு ஆட்டம் வெளியே போன பிறகும் பெட்டி இம்மி அளவும் குறையவில்லை! சரி, வாங்கிய இடத்தில் ஏறியிருக்குமே என்று ஹார்டு டிஸ்க்கை வைத்தேன். அதுவும் ஏறவில்லை. கொடுத்த இடத்தில் குறையவில்லை, வாங்கிய இடத்தில் கூடவில்லை. அப்படியானால் சரக்கு எங்கே போனது?

டி.வி. முழுக்க என்னைத் திட்டி இங்கிலீஷில் எழுத்து வந்தது. சார்லி காபி டம்ளரை வைத்துவிட்டு ஓடி வந்தான். "அய்யோ அங்கிள், கேம் காப்பி ஆயிகினு இருக்கும்போது புடுங்கிட்டீங்களே! பேஜாராப் போச்சு, இது மறுபடி முதல்லேர்ந்து ஓடணும்."

"ஓடட்டும். எடை ஏன் குறையல, அதைச் சொல்லு."

"கேமுக்கு ஏது அங்கிள் எடை?"

இதே மாதிரி சொன்ன ஆட்களை நான் பார்த்திருக்கிறேன். எடையைப் பார்க்காதே, பளபளப்பைப் பார் என்று சொல்லி என் தலையில் போலி ஜரிகையைக் கட்டியவன் ஒருவன் உண்டு. சார்லியும் பானுவும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துச் சிரித்தார்கள். என்னைப் பார்த்துச் சிரிப்பதில் எனக்கு வருத்தமில்லை. உங்கள் சரக்கு காணாமல் போயிருக்கும்போது சிரிக்கிறார்களே என்பதுதான்.

அன்றிலிருந்து பெட்டியின் மேல் ஒரு கண் வைத்திருக்கிறேன். அதைப் போட்டால் யார் விளையாடுவது என்று கேட்டு முகங்களைக் காட்டுகிறது. ஒன்று உங்கள் முகம், கண்ணாடி போட்டிருக்கிறீர்கள். இன்னொன்று பானு. மூன்றாவதாக ஒரு கோழி! பேர் கிடையாது, ஊர் கிடையாது, வெறும் கோழி. கமலத்திடம், "யாருதுடி இந்தக் கோழி?" என்று கேட்டேன். "யாருதோ. சாப்பாடு ஆறிப்போவுது, ஜல்தி வாங்க" என்றாள்.

புது இடத்தில் வயல் உழுது மாடு வளர்க்கும் ஆட்டம் ஒன்றை ஏற்றியிருக்கிறார்கள். அதற்குத்தான் இத்தனை இடமாம். காலையில் நான் கடைக்குக் கிளம்பும்போது டி.வி.யில் அந்த வயல் வெறும் மண்ணாக இருந்தது. மதியம் சாப்பிட வந்தால் வரிசை வரிசையாகத் தக்காளி. பானு அறைக்கதவைச் சாத்திக்கொண்டு ஆபீஸ் மீட்டிங்கில் இருந்தாள். சார்லி செய்யாரில் இருந்தான், அவன் அப்பாவிடமே கேட்டு உறுதி செய்துகொண்டேன். பிறகு தக்காளியை நட்டது யார்? தாழ்ப்பாள் போட்ட வீட்டுக்குள் மூன்றாவது ஆள் வந்து போகிறான் மாப்பிள்ளை.

பாவம், கமலத்துக்கு எல்லாம் தெரிந்திருக்கிறது என்று நினைக்கிறேன். வாயைத் திறக்கமாட்டேன் என்கிறாள். கண் சிவந்திருக்கிறது, பெண்ணை நினைத்து அழுகிறாள் போல. சாம்பாரில் உப்பு இருப்பதில்லை. ஒரு நாள் விடாமல் பார்த்த மதிய சீரியலை நிறுத்திவிட்டாள். போன வாரம் கட்டைவிரலில் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தாள். என்ன என்று கேட்டால், "கவலை" என்றாள். கவலை கட்டைவிரலில் வருவதை இந்த வயதில்தான் பார்க்கிறேன்.

உங்கள் மேலும் எனக்குச் சந்தேகம் உண்டு, மறைக்க மாட்டேன். பானுவுக்குக் காய்ச்சல் வந்தபோது நீங்கள் போனில் என்னிடம் கேட்டது என்ன? "பெட்டி ரொம்ப சூடாவுதா மாமா?" என்று கேட்டீர்கள். பெண் சூடாக இருக்கிறாள் என்று சொல்ல வாயெடுத்தேன், அடக்கிக்கொண்டேன்.

மாப்பிள்ளை, நேராகவே கேட்கிறேன். உங்கள் இருவருக்குள் ஏதாவது மனஸ்தாபமா? எனக்குப் பயமாக இருக்கிறது. ஒரே பெண். செல்லமாக வளர்த்ததில் வாய் கொஞ்சம் அதிகம், எனக்குத் தெரியும். அவள் பக்கம் தப்பு இருந்தால் அவளுக்குப் பதிலாக நான் மன்னிப்புக் கேட்கிறேன். உங்கள் பக்கம் தப்பு இருந்தாலும் பரவாயில்லை, நானே கேட்டுவிடுகிறேன். இந்த வாரமே வாருங்கள். பெண்ணை அழைத்துக்கொண்டு போங்கள். பெட்டி, கார்டு, ஹார்டு டிஸ்க், ஒயர் எல்லாவற்றையும் உங்கள் கண் முன்னால் தராசில் வைத்து ஒப்படைக்கிறேன். அந்தப் பெட்டி இனி ஒரு நாள் கூட என் வீட்டில் இருக்கக்கூடாது. அது வந்த நாளிலிருந்து இந்த வீட்டில் யாரும் யாரிடமும் உண்மை பேசுவதில்லை.

நீங்களும் பானுவும் ஒரே கூரையின் கீழ், ஒரே தட்டில் சாப்பிட்டுச் சண்டை போட்டுச் சமாதானமாகி நெடுங்காலம் வாழ வேண்டும். சம்பந்தி வீட்டாருக்கு எங்கள் வணக்கத்தைச் சொல்லுங்கள். இந்தக் கடிதத்தைப் பற்றிச் சொல்ல வேண்டாம்.

இப்படிக்கு,
உங்கள் நன்மையையே நினைக்கும் மாமனார்,
சிவப்பிரகாசம்.

பின்குறிப்பு: உறையை ஒட்டப் பசை எங்கே என்று கமலத்திடம் கேட்டது என் தப்பு. "யாருக்குங்க இவ்ளோ நீளமா எழுதிகினு இருக்கீங்க?" என்று வாங்கிப் படித்தாள். பாதியிலேயே சிரிப்பு தாங்காமல் தரையில் உட்கார்ந்துவிட்டாள். கோழி அவள்தானாம். தக்காளியும் அவள் நட்டதுதானாம். நீங்கள் சென்னையில் புதுப் பெட்டி வாங்கிவிட்டீர்களாம், உங்கள் பழைய ஆட்டங்களை அதற்குக் கொண்டு போகத்தான் பானு தனியாக எடுத்து வைத்தாளாம், இந்தப் பெட்டியை மாமியாருக்கே விட்டுவிடச் சொன்னதும் நீங்கள்தானாம். அம்மாவுக்கு முழுக்கக் கற்றுக் கொடுத்துவிட்டுப் புறப்படலாம் என்றுதான் பெண் தங்கியிருக்கிறாளாம். ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு நீங்களும் அவளும் போனில் சிரித்துப் பேசுவதை என்னைத் தவிர எல்லாருக்கும் தெரியுமாம். எனக்குச் சொன்னால் அந்தப் பெட்டியை நிம்மதியாக வைத்திருக்க விடமாட்டேன் என்று மூன்று பேருமாக மறைத்திருக்கிறீர்கள். இருக்கட்டும்.

கடிதத்தைக் கிழிக்கப் போனேன், கமலம் விடவில்லை. மாப்பிள்ளை படித்தே ஆக வேண்டுமாம். ஆகவே படியுங்கள், ஆனால் பெட்டியைத் திருப்பி எடுத்துப் போகச் சொன்ன வரிகளை மட்டும் விட்டுவிடுங்கள். "பெட்டி போச்சுன்னா நானும் பின்னாலேயே போயிடுவேன், என் மாட்டுக்கு யாரு தண்ணி காட்டுறது?" என்று கமலம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டாள். பெண்ணை மட்டும் அழைத்துப் போங்கள். வரும்போது கையில் பிடித்து ஆடும் அந்தக் கன்ட்ரோலர் இன்னும் ஒன்று வாங்கி வரச் சொல்கிறாள். பானு போன பிறகு இரண்டு பேராக ஆடுவதற்காம். அந்த இரண்டாவது ஆள் யார் என்று கேட்டால் சொல்லமாட்டேன் என்கிறாள், என்னைப் பார்த்துப் பார்த்துச் சிரிக்கிறாள். எனக்கு என்னவோ சந்தேகமாகவே இருக்கிறது.