பாத்ரூம் எறும்பும் என் எம்.எஸ்சி. பட்டமும்

குழந்தைக்குக் காய்ச்சல் வந்தால் டாக்டரிடம் போகச் சொல்வார்கள். அதே குழந்தை அடிக்கடி ஒன்றுக்குப் போனால் மட்டும் யாரும் அப்படிச் சொல்வதில்லை. அந்த வியாதிக்கு ஊரில் எல்லோருமே டாக்டர். சூடு என்பார்கள், பயம் என்பார்கள், பூச்சி என்பார்கள், கடைசியில் ‘செல்லம் ஜாஸ்தி’ என்று அம்மா தலையில் கொண்டுவந்து போடுவார்கள். (அப்பா தலையில் போட்ட ஒருவரை நான் இன்றுவரை சந்தித்ததில்லை.)

என் மகள் யாழினிக்கு அப்போது ஆறு வயது. ரமணாசிரமம் பக்கம் ஒரு மாடி வீட்டில் வாடகைக்கு இருந்தோம். ஒன்றாம் வகுப்பில் சேர்ந்த கொஞ்ச நாளிலேயே ஹாலுக்கும் பாத்ரூமுக்குமாக நடக்க ஆரம்பித்தாள். சாப்பாட்டுக்கு நடுவில் போவாள். செருப்பு மாட்டிய பிறகு போவாள். ஒரு பௌர்ணமிக்குக் குடும்பத்தோடு கிரிவலம் கிளம்பி, தெருமுனையைத் தாண்டுவதற்குள் திரும்பி வந்தோம்.

கீழ் வீட்டில் ஹவுஸ் ஓனர் அக்கா இருந்தார். மேலே தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டால் கீழே அவருக்கு நெஞ்சு படபடக்கும். ஒருநாள் மாடிப்படியில் மறித்தார்.

“ஏம்மா, பாப்பா ஓயாம பாத்ரூம் போவுது போல. டேங்க்ல தண்ணி நிக்கவே மாட்டேங்குது.”

“கொழந்தைங்கன்னா போவாங்கக்கா.”

“அதுக்குச் சொல்லல. எங்க வூட்டுக்காரருக்கு சுகர் வந்தப்ப இப்டித்தான். அது போன எடத்துல எறும்பு மொய்க்குதான்னு பாரு. மொய்ச்சா அதேதான்.”

தன் டேங்க் காலியாகிறது என்பதற்காக என் குழந்தைக்குச் சர்க்கரை நோய் கொடுக்கும் மனுஷியை என்ன செய்வது? வீட்டுக்குள் வந்து கணவரிடம் பொரிந்து தள்ளினேன். “எறும்பாம் எறும்பு! நான் எம்.எஸ்சி. கெமிஸ்ட்ரிங்க! என்கிட்டயே சொல்றாங்க!” அவர் வழக்கம்போல “விடும்மா” என்றார். பொரிந்து முடித்த பிறகுதான் பயம் வந்தது. அந்தச் சின்ன உடம்பில் ஆயுள் முழுக்க ஊசி குத்துவதை நினைத்துப் பார்த்தேன். குழாயைத் திறந்துவிட்டு, அந்தச் சத்தத்தில் அழுதேன்.

மறுநாளே வீட்டில் இனிப்புக்குத் தடை போட்டேன். (ஏன் டாக்டரிடம் போகவில்லை என்று கேட்காதீர்கள். முதுகலை படித்தவர்கள் முதலில் ஆராய்ச்சிதான் செய்வார்கள்.) பாலில் சர்க்கரை நின்றது, பிஸ்கட் டப்பா பரணில் ஏறியது. கணவரின் ஊரான கீழ்பென்னாத்தூரிலிருந்து வந்திருந்த வேர்க்கடலை உருண்டைப் பொட்டலத்தை “யாருக்காவது குடுத்துடுங்க” என்று அவரிடமே நீட்டினேன். அவர் தலையாட்டினார். அந்தத் தலையாட்டலை நம்பினேன் பாருங்கள், என்னைச் சொல்ல வேண்டும்.

இனிப்பை நிறுத்தியும் யாழினி பாத்ரூம் போவது குறையவில்லை. சொல்லப்போனால் இன்னும் ஜாஸ்தியானது. போனால் லேசில் வெளியே வருவதுமில்லை. ஒரு சனிக்கிழமை பாத்ரூமைக் கழுவப் போனேன். சுவரோரம் எறும்புகள் வரிசையாக ஊர்ந்துகொண்டிருந்தன. துடைப்பத்தைப் போட்டுவிட்டு வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். பிறகு ஃபோனை எடுத்து வீடியோ பிடித்தேன்.

அன்றைக்கே கணவரையும் யாழினியையும் இழுத்துக்கொண்டு கிளம்பினேன். குழந்தைகள் டாக்டரின் கிளினிக்கில் நல்ல கூட்டம். வரவேற்பில் இருந்த பெண், டோக்கன் வரிசைப்படிதான் உள்ளே விடமுடியும் என்றாள். எனக்கு எங்கிருந்துதான் அந்தக் குரல் வந்ததோ!

“என் கொழந்தைக்கு சுகர்ங்க! எறும்பே வந்துடுச்சி! நீங்க டோக்கன் பேசிக்கிட்டிருக்கீங்க?”

மொத்த ஹாலும் திரும்பிப் பார்த்தது. பக்கத்தில் இருந்த ஒரு பெண் தன் பிள்ளையை யாழினியிடமிருந்து இழுத்து மடியில் வைத்துக்கொண்டார். சர்க்கரை என்ன சொறியா சிரங்கா, ஒட்டிக்கொள்ள? அவரிடமும் ஒரு சண்டை போட்டேன். அதற்குள் எங்களை உள்ளே அனுப்பிவிட்டார்கள், என்னைச் சமாளிக்க முடியாமல்தான்.

டாக்டர் நிதானமாகக் கேட்டார். “ஒவ்வொரு வாட்டியும் நிறைய போறாளா, இல்ல கொஞ்சம் கொஞ்சமா அடிக்கடி போறாளா? ரெண்டும் வேற வேறம்மா.”

“எறும்பு வருது டாக்டர்.”

“தாகம் ஜாஸ்தியா? எடை கம்மியாயிருக்கா? போறப்ப எரியுதுன்னு சொல்றாளா?”

“டாக்டர், எறும்பு!”

அவர் யாழினியின் விரல் நுனியில் குத்தி ஒரு சொட்டு ரத்தம் எடுத்தார், சிறுநீரையும் சோதித்தார். சர்க்கரை சரியாக இருந்தது, கிருமித்தொற்றும் இல்லை. நான் கையெடுத்துக் கும்பிட்டிருக்க வேண்டும். “உங்க மெஷின் சரியாத்தான் இருக்கா?” என்று கேட்டு, வீடியோவை அவர் முகத்துக்கு நேரே நீட்டினேன். அவர் இரண்டு விரலால் படத்தைப் பெரிதாக்கினார்.

“வாளிக்குப் பின்னாடி என்னம்மா அது? உருண்ட மாதிரி இருக்கு?”

யாழினி எட்டிப் பார்த்தாள். “அது என்னோடது டாக்டர். மீதி வெச்சிருக்கேன். அப்பாதான் குடுத்தாங்க. அம்மா பாக்காத எடத்துல தின்னச் சொன்னாங்க.”

என் கணவர் சுவரில் இருந்த தடுப்பூசி அட்டவணையை மிகுந்த அக்கறையோடு படிக்கத் தொடங்கினார். பாதி திறந்திருந்த கதவுக்கு வெளியே மொத்த ஹாலும் சிரித்தது. டோக்கன் பெண்ணின் சிரிப்பு தனியாகக் கேட்டது.

டாக்டர் யாழினியின் வயிற்றை அழுத்திப் பார்த்துவிட்டு, மோஷன் போய் எத்தனை நாள் என்று விசாரித்தார். எனக்குத் தெரியவில்லை. அவளே சொன்னாள். பள்ளிக்கூட டாய்லெட்டில் தாழ்ப்பாள் இல்லை, பிள்ளைகள் கதவைத் தள்ளித் திறக்கிறார்கள், அதனால் அடக்கிக்கொள்கிறாள். அடக்கி அடக்கி வீட்டிலும் வருவதில்லை.

“மலம் தேங்கி மூத்திரப்பைய அழுத்துதும்மா. அதான் கொஞ்சம் சேந்ததுமே போகணும்போல இருக்கு. மருந்து தரேன். பழம், கீரை குடுங்க, சாப்ட்டதும் கொஞ்ச நேரம் உக்கார வைங்க. சரியாயிடும்.”

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. குழந்தைகளுக்கு யோகாசனம், ஆண்டுவிழாவுக்கு மேடை, எல்லாம் உண்டு. ஒரு தாழ்ப்பாள் கிடையாதா? திங்கட்கிழமை பள்ளிக்குப் போய் நான் போட்ட சண்டையில் சாயந்திரத்துக்குள் தாழ்ப்பாள் வந்தது. அந்த வாரத்தில் நான் போட்ட சண்டைகளில் நியாயமானது அது ஒன்றுதான். யாழினியும் சில வாரங்களில் சரியாகிவிட்டாள். ஹவுஸ் ஓனர் அக்கா மட்டும் தோல்வியை ஒப்புக்கொள்ளவில்லை. “எறும்பு பொய் சொல்லுமா? அங்க இனிப்பு இருந்துச்சா இல்லியா?” என்று என்னையே மடக்கினார்.

இப்போது யாழினி ஒன்பதாம் வகுப்பு. போன வருஷம் வீட்டில் ஒருவருக்கு நிஜமாகவே சர்க்கரை வந்தது. எனக்குத்தான். அன்றிலிருந்து நான் பாத்ரூமில் கொஞ்சம் தாமதித்தால் போதும், அப்பாவும் மகளும் கதவைத் தட்டுகிறார்கள்.

“அம்மா, உள்ள என்ன திங்கிற?”

சொந்தக்காரர்கள் வந்திருந்தாலும் விடுவதில்லை. வயிறு சரியில்லை என்று உள்ளேயிருந்து கத்துகிறேன். ஒருத்தராவது நம்ப வேண்டுமே! நேற்று வெளியே வந்தபோது யாழினி ஃபோனோடு உள்ளே நுழைந்தாள், வாளிக்குப் பின்னால் வீடியோ எடுக்க.