வாய் திறக்காத நாயகி

"ஏன் பேச மாட்டேங்கறே? நான் என்னதான் பண்ணினேன்?"

மனைவி பதில் சொல்லாமல் காபியை இயக்குநரின் முன்னால் வைத்துவிட்டு நகர்ந்தாள்.

இயக்குநர் திருதிருவென்று விழித்தார். அன்றைக்குத்தான் அவருடைய முதல் படத்துக்குப் படப்பிடிப்பு. பழைய கதைதான். யார் முதலில் பேசுகிறார்களோ அவர்தான் கதவைச் சாத்த வேண்டும் என்று ஒரு புருஷனும் பெண்டாட்டியும் பந்தயம் கட்டுகிறார்கள். திருடன் வந்து வீட்டையே துடைத்துக்கொண்டு போனாலும் இரண்டு பேரும் வாயைத் திறப்பதில்லை. பாத்திரம் மனதில் ஊற வேண்டுமாம்; அதனால் நடிப்பவர்கள் காலையில் எழுந்ததிலிருந்து யாரிடமும் பேசக் கூடாது என்று அவர் சட்டமே போட்டிருந்தார்.

"இன்னிக்கு நம்ம கல்யாண நாளா?"

அவள் தலையை ஒரு மாதிரி ஆட்டினாள். ஆமாவா, இல்லையா என்று அவருக்கு விளங்கவில்லை. அதற்குள் அவள் உள்ளே போய்ப் பழைய புடவைகளைப் பையில் அடுக்க ஆரம்பித்தாள். அவர் பின்னாலேயே ஓடினார்.

"அம்மா வீட்டுக்குக் கிளம்பறியா? சரி, ஒத்துக்கறேன். போன மாசம் உங்கம்மா வந்தப்ப நான் வெளியூர் போகல. மொட்டை மாடியிலதான் உட்கார்ந்திருந்தேன்."

மடித்துக்கொண்டிருந்த கை சட்டென்று நின்றது. விஷயம் இப்போதுதான் அவளுக்குத் தெரிகிறது போலிருந்தது.

"அது இல்லையா? அப்ப உன் தம்பி கல்யாணமா? அன்னிக்கு எனக்குக் காய்ச்சலே இல்ல."

அவள் முகம் சிவந்தது.

"அதுவும் இல்லையா? படத்துல வர்ற பிடிவாதக்காரிய உன்னைப் பார்த்துத்தான் எழுதினேன். எவ்வளவு வேணா திட்டு, போயிடாதே. நீ இல்லைன்னா இந்த வீட்டுல உப்பு டப்பா எங்க இருக்குன்னுகூட எனக்குத் தெரியாது."

அவள் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். அழுகையா, சிரிப்பா, ஆத்திரமா? அவருக்குத் தலை சுற்றியது.

வாசல் மணி அடித்தது. உதவி இயக்குநராக இருக்கும் பெண் உள்ளே எட்டிப் பார்த்தாள்.

"கிளம்பலாமா அக்கா? வண்டி வந்தாச்சு."

"இவளை எங்க கூட்டிட்டுப் போறே?"

"என்ன சார், நாயகி வரமாட்டேன்னுட்டாங்கன்னு நேத்தே போன்ல சொன்னேனே? 'பேசாம இருக்கறவங்க யாரையாவது போடு, என் உயிரை வாங்காதே'ன்னீங்க. அக்காவைக் கேட்டேன், ஒத்துக்கிட்டாங்க."

இயக்குநர் நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தார். "அப்ப... உனக்குக் கோவமே இல்லையா?"

மனைவி அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

உதவி இயக்குநர் அவள் கையிலிருந்த பையை வாங்கிக்கொண்டாள்.

"ஒரே ஷாட்தான் அக்கா. முடிஞ்சதும் சார்கிட்ட எவ்வளவு நேரம் வேணா பேசலாம்."