நேரில் கண்டவர்

பத்திரிகையுலகின் தூண் என்று ஒருவரைச் சொல்லவேண்டுமானால், அது எங்கள் மூத்த நிருபரைத்தான். தூணைப் போலவே அவரும் இருபத்திரண்டு ஆண்டுகளாக இடத்தைவிட்டு நகர்ந்ததில்லை. எங்கள் வார இதழின் புகழ்பெற்ற 'நேரில் கண்டேன்' பகுதியை நாற்காலியில் இருந்தபடியே எழுதியவர் அவர். அந்த எழுத்துக்குப் பிழை திருத்தும் பேறு எனக்கு வாய்த்தது.

ஒருமுறை நடிகை ஒருவர் போனில் கோபித்துக்கொண்டார்.

"பேட்டியில நான் கலகலன்னு சிரிச்சதா போட்டிருக்கீங்க. அன்னைக்கு நான் ஆபரேஷன் தியேட்டர்ல இருந்தேன்."

"மயக்கத்துல சிரிச்சிருப்பீங்கம்மா. உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றார் நிருபர்.

இதற்குப் பெயர்தான் அனுபவம்.

இப்படிச் சீராகப் போய்க்கொண்டிருந்த வாழ்க்கையில் ஒரு டீச்சர் குறுக்கிட்டார். அலுவலகத்துக்கே வந்து, நிருபரின் மேஜையில் ஒரு பாட்டிலை வைத்தார். உள்ளே நீல நிறத்தில் ஏதோ இருந்தது.

"இப்பல்லாம் நாங்க மை வாங்கறதில்லைம்மா. எல்லாம் கம்ப்யூட்டர்தான்."

"மை இல்ல சார், எங்க பள்ளிக்கூடத்துக் கிணத்துத் தண்ணி. பக்கத்துல சாய ஆலை வந்ததுல இருந்து இப்படித்தான். பிள்ளைங்க கையெல்லாம் கொப்புளம். நீங்கதான் எதையும் நேர்ல போய்ப் பாத்து எழுதறவராச்சே. ஒரு தடவை வந்து பாருங்க."

அப்படி நம்பி வந்தவரிடம் என்னவென்று மறுப்பது? நிருபர் எழுந்து நின்றார். என்னவோ ஏதோ என்று அலுவலகமே எழுந்து நின்றது.

மறுநாள் பள்ளிக்கூடம் போய்த் திரும்பியவர் நேராக மேஜையில் உட்கார்ந்தார். அந்தக் கிணற்று நீரில் கை கழுவியிருக்கிறார். சொறிந்துகொண்டே நான்கு பக்கம் எழுதினார். முதல் பெஞ்சுச் சிறுமி பென்சிலைப் பிடிக்க முடியாமல் இரண்டு விரல்களுக்கு நடுவே செருகிக்கொண்டு எழுதினாள் என்று அதில் ஒரு வரி. எனக்குத் திருத்தக் கை ஓடவில்லை.

இதழின் ஆசிரியர் படித்தார். அந்தச் சாய ஆலையின் விளம்பரம்தான் ஆண்டு முழுக்க எங்கள் பின்னட்டையை 'அலங்கரிப்பது'.

"பிரமாதமா எழுதியிருக்கீங்க. உண்மைதான் கொஞ்சம் தூக்கலா இருக்கு. குறைச்சிடலாமா?"

"எவ்வளவு சார் குறைக்கணும்?"

"இருக்கறதே தெரியாத அளவுக்கு."

நிருபர் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். 'வானம் இறங்கி வந்த கிணறு' என்ற தலைப்பில் கட்டுரை வெளியானது. நீல நீரைச் சுற்றி மலர்ந்த முகங்கள்; ஊருக்கே நிறம் சேர்த்த ஆலை. அடுத்த மாதம் அவர் இணை ஆசிரியர் ஆனார். கண்ணாடித் தடுப்புப் போட்ட தனி அறையும் கிடைத்தது.

நான் அச்சுப்படியோடு அந்த அறையில் நின்றிருந்தபோது டீச்சரின் போன் வந்தது. ஸ்பீக்கரில் குரல் நன்றாகவே கேட்டது.

"நீங்க வந்தீங்கதானே சார்? அந்தப் பொண்ணு கையைப் பிடிச்சுப் பாத்தீங்கதானே?"

"வேற யாராவது வந்திருப்பாங்கம்மா. நான் எங்கயும் போறதே இல்லை. எல்லாம் இங்க உக்காந்து எழுதறதுதான்."

ஒரே ஒரு பொய்க்காக இருபத்திரண்டு ஆண்டு உண்மையைத் தயங்காமல் ஒப்புக்கொண்ட அந்த நேர்மையை வேறு யாரிடம் பார்க்க முடியும்?

அந்த இதழ் கிடைத்தால் எடுத்துப் பாருங்கள். கட்டுரையில் ஓர் ஒற்றுப்பிழைகூட இருக்காது. அதற்கு நான் பொறுப்பு.