டேப் அண்ணன் வீட்டுக் கோடு

சொந்த வீட்டுக்குள் நின்றுகொண்டு, "இதில் எனக்குச் சொந்தமானது பதினைந்தரை அங்குலம்" என்று சொன்ன மனிதரை ஊவா மாகாணம் முழுக்கத் தேடினாலும் ஒருவரைத்தான் காணலாம். அவர் டேப் அண்ணன்.

அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் ஒன்று இருந்தது. அது எனக்கே கடன் விண்ணப்பத்தை நிரப்பியபோதுதான் தெரியவந்தது. நில அளவையாளர்களோடு போய் அளவு நாடாவின் மறுநுனியைப் பிடிக்கும் அரசாங்க வேலை அவருக்கு. வேலை முடிந்தாலும் டேப் இடுப்பை விட்டு இறங்காது. தெமோதரையிலிருந்து பதுளைக்கு வரும் பஸ்ஸில் ஒருநாள், தன் பக்கத்தில் பரந்து உட்கார்ந்திருந்த கடை முதலாளியிடம் டேப்பை இழுத்துக் காட்டினார்.

"மூணு பேரு சீட்டுங்க. முப்பத்தாறு அங்குலம். ஆளுக்குப் பன்னெண்டு. நீங்க பதினெட்டப் புடிச்சிருக்கீங்க. அந்த ஆற மட்டும் இந்தப் பக்கம் குடுங்க."

முதலாளி ஆறு அங்குலத்தைக் கொடுத்துவிட்டு அடுத்த தரிப்பில் இறங்கிப் போனார்.

கல்யாணப் பந்தியில் வாழையிலையை அளந்து, மாப்பிள்ளை வீட்டாருக்கு இரண்டு அங்குலம் கூடுதலாகப் போட்டிருக்கிறார்கள் என்று சண்டை மூட்டியவரும் அவர்தான். ஆனால் அவர் அளந்ததில் ஒன்றை மட்டும் யாரும் சிரித்துக்கொண்டு கேட்டதில்லை. தேயிலைத் தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டில் ஒற்றை அறையான எங்கள் லயத்துக் காம்பரா. பத்தடிக்குப் பன்னிரண்டு.

"எங்க பாட்டன் பொறந்தது இதுல, செத்தது இதுல. எங்க அப்பனும் இதுலதான். நூத்தி இருவது சதுர அடி. அதுவும் தோட்டத்துக்குச் சொந்தம். ஊரு ஒலகத்துக்கெல்லாம் காணி அளந்து குடுக்கிறேன், எம் பேருல ஒரு சாண் இல்ல" என்பார்.

தன் பெயரில் ஒரு வீடு. அவருடைய ஆசை அவ்வளவுதான். அதற்காக அவரும் கொழுந்து பறிக்கும் அவர் மனைவி சரோஜா அக்காவும் பிள்ளை இல்லாத வீட்டில் பன்னிரண்டு வருஷம் சீட்டுப் பிடித்து, தெமோதரைக்கு மேலே பத்துப் பேர்ச் நிலம் வாங்கினார்கள். வீடு கட்டக் கடன் வேண்டும். கடன் கொடுக்கும் இடத்தில் நான் இருந்தேன்.

அதையும் சொல்ல வேண்டும். எங்கள் லயத்தில் பல்கலைக்கழகம் வரை போன முதல் ஆள் நான். என் அம்மா கையெழுத்துக்குப் பதில் பெருவிரலை வைப்பவர். பதுளையில் ஒரு வங்கியின் கடன் பிரிவில் எனக்கு வேலை கிடைத்தபோது, நான் சேலை கட்டி பஸ்ஸுக்கு நிற்பதைப் பார்க்கவே அம்மா காலையில் வேலைக்குப் பேர் போடும் பெரட்டுக்குப் பிந்திப் போய்த் திட்டு வாங்கினார். எனக்குத் தலை கொஞ்சம் கனத்துத்தான் போயிருந்தது. எங்கள் லயத்திலிருந்து ஒருவர் கடன் கேட்டு வந்து என் மேசைக்கு முன்னால் உட்கார்ந்ததும், அது இன்னும் கனத்தது.

இருபது லட்சம். இருபது வருஷம். மாதம் இருபத்திரண்டாயிரம்.

"இது தீவாளி அட்வான்ஸ் மாதிரிதானே தங்கச்சி?" என்று கேட்டார்.

தோட்டத்தில் தீபாவளிக்கு முன்பணம் கொடுப்பார்கள். பிறகு மாதாமாதம் சம்பளத்தில் சமமாகப் பிடிப்பார்கள். எடுத்ததைப் பிடித்து முடித்தால் கதை முடிந்தது. வட்டி கிடையாது. எங்கள் ஆட்களுக்குக் கடன் என்றால் அந்த உருவம்தான் மனதில் வரும்.

எனக்கு வித்தியாசம் தெரியும். பாடமாகப் படித்து, பரீட்சை எழுதி, நல்ல புள்ளியும் வாங்கியிருந்தேன். ஆனால் வரிசையில் ஐந்து பேர் நின்றார்கள். அந்த மாதக் கடன் இலக்கில் எனக்கு ஒன்று குறைந்தது.

"ஆமாண்ணே, அதே மாதிரித்தான். மாசா மாசம் புடிப்பாங்க" என்றேன்.

கையெழுத்துப் போட வேண்டிய இடங்களில் பென்சிலால் புள்ளடி போட்டுக் கொடுத்தேன். வட்டி வீதம் மாறலாம் என்ற விஷயம் ஒன்பதாம் பக்கத்தில் இருந்தது. அங்கும் ஒரு புள்ளடி.

கைக்கு வந்தது இருபது லட்சம் அல்ல. வழக்கறிஞருக்கு, மதிப்பீட்டாளருக்கு, முத்திரைக்கு, ஆயுள் காப்புறுதிக்கு என்று கழித்துப் பதினெட்டே முக்கால் வந்தது.

"கொழுந்து நிறுக்கிறப்ப தண்ணிக்கு ரெண்டு கிலோ, சாக்குக்கு ஒரு கிலோன்னு கழிப்பாங்களே, அந்த மாதிரி" என்று அவரே சமாதானம் சொல்லிக்கொண்டார். காப்புறுதி மட்டும் இடித்தது.

"இது எதுக்கு?"

"உங்களுக்கு ஏதாவது ஆச்சுன்னா கடன அவங்க கட்டுவாங்கண்ணே."

"அப்ப செத்தாத்தான் பிரயோசனம். உசுரோட இருக்கிற வரைக்கும் நட்டம்."

வீடு எழுந்தது. முன் கதவிலிருந்து குசினிச் சுவர் வரை முப்பது அடி நீளம். வங்கிக் காசு தீர்ந்த பிறகு, முன்னால் ஐந்தடிக்கு ஒரு இஸ்தோப்பைத் தன் கையாலேயே கட்டினார். வெயிலுக்கும் மழைக்கும் ஒதுங்கி உட்கார.

முதல் தவணையைக் கட்டிய நாளில் என்னிடம் வந்து மிச்சக் கடன் எவ்வளவு என்று துண்டு கேட்டார். அச்சடித்துக் கொடுத்தேன். கண்ணுக்குக் கிட்டப் பிடித்துப் பார்த்தார்.

"தங்கச்சி, ஒரு சைபர விட்டுட்டீங்க போல. இருவத்தி ரெண்டாயிரம் கட்டினேன். கடன் ரெண்டாயிரந்தான் கொறைஞ்சிருக்கு."

"மிச்சம் வட்டிண்ணே."

"இருவதாயிரமும் வட்டியா?"

"ஆமாண்ணே. மொதல்ல அப்படித்தான் போகும். போகப் போக சரியாகும்."

"இருவது லட்சத்த இருவத்தி ரெண்டாயிரத்தால பிரிச்சா ஏழரை வருஷம். சனியன் புடிச்சா விடுற கணக்கு. அதுக்கு மேல பன்னெண்டரை வருஷம் எதுக்குன்னு நெனச்சேன். சும்மா எழுதி வச்சிருக்காங்க, கட்டி முடிஞ்சா விட்டுருவாங்கன்னு இருந்துட்டேன்."

நான் கல்குலேட்டரில் தட்டிக் காட்டினேன். இருபது வருஷத்தில் மொத்தம் ஐம்பத்திரண்டு லட்சத்து எண்பதாயிரம். அவர் கல்குலேட்டரைத் தன் பக்கம் திருப்பி எண்ணைப் பார்த்தார். பிறகு எழுந்து நின்று, வரிசையில் நின்ற எல்லாருக்கும் கேட்கும்படி கேட்டார்.

"ரெண்டரை வீட்டுக்குக் காசு கட்டுறேன். ஒரு வீடு தெமோதரையில இருக்கு. மத்த ஒன்றரை வீட்ட எங்க கட்டியிருக்கீங்க? ஒருக்கா போய்ப் பாத்துட்டு வாறேன்."

மேலாளர் கண்ணாடி அறைக்குள்ளிருந்து எட்டிப் பார்த்தார்.

அந்த ஞாயிற்றுக்கிழமைதான் கோடு பிறந்தது. இருபது லட்சத்தை முப்பது அடியால் பிரித்தார். கட்டிய முதலுக்கு எவ்வளவு நீளம் என்று கண்டுபிடித்து, முன் கதவு நிலையிலிருந்து அளந்து, சிவப்புச் சிமெந்துத் தரையில் சோக்கால் கோடு கிழித்தார். அரை அங்குலத்துக்கும் குறைவு.

"இது வரைக்கும் நம்ம வீடு. அதுக்கு அங்கிட்டு பேங்க்" என்று சரோஜா அக்காவிடம் அறிவித்தார்.

"அப்ப நான் ராவைக்கு பேங்குலயா சமைக்கிறது?"

"வட்டி கட்டுறோம்ல, அது வாடகை. சமைக்கலாம், தூங்கலாம். ஆணி அடிக்கக் கூடாது."

உண்மையிலேயே அடிக்கவில்லை. முதல் வருஷ முடிவில் கோடு நாலரை அங்குலம் போயிருந்தது. அந்த நாலரை அங்குலச் சுவரில்தான் முருகன் காலண்டர் தொங்க வேண்டும். நீளவாக்கில் மடித்து, வேலும் பாதி மயிலும் தெரிய மாட்டினார். அடுத்தவன் சுவரில் சாமியைத் தொங்கவிடுவது மரியாதையில்லையாம். மூன்றாம் வருஷத்தில் கோடு பதினைந்தரை அங்குலத்துக்கு வந்தது. முருகன் முழு உருவம் பெற்றார். அவருக்குக் கீழே மாரியம்மன், அதற்குக் கீழே மாமனார், முழங்காலுக்குக் கீழே கல்யாணப் போட்டோ. ஒரு பிளாஸ்டிக் கதிரையின் நாலு கால்களும் கோட்டுக்கு உள்ளே அடங்கிய நாளில் எனக்குப் போன் எடுத்தார்.

"தங்கச்சி, இன்னைக்கு என் சொந்த வீட்டுல உக்காந்திருக்கேன்."

கதிரை இடிப்பதால் கதவு பாதிக்கு மேல் திறக்காது. வருகிறவர்கள் பக்கவாட்டில் நுழைந்து, கோட்டுக்கு முன்னால் நின்று, அனுமதி கேட்க வேண்டும்.

"கோட்ட மிதிக்காதீங்க, தாண்டிப் போங்க. அங்கிட்டு பேங்க் எடம்."

வெளியே எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஆனால் மூன்று வருஷத்தில் கிட்டத்தட்ட எட்டு லட்சம் கட்டிய ஒருவருக்கு ஒரு கதிரையளவு இடம்தான் கிடைத்திருக்கிறது என்பதைப் பட்டப்படிப்பில் எனக்கு யாரும் இப்படிக் காட்டவில்லை.

பிறகு பெற்றோலுக்கும் காஸுக்கும் நாடே வரிசையில் நின்ற காலம் வந்தது. வட்டி வீதம் இரண்டு மடங்காயிற்று. சிங்களத்தில் வந்த கடிதத்தை எடுத்துக்கொண்டு அவர் என் மேசைக்கு வந்தார். நான் வாசித்துச் சொன்னேன். இனி வட்டி மட்டும் மாதம் முப்பத்தெட்டாயிரம். முடியாவிட்டால் பழைய தவணையையே கட்டலாம். குறைகிற பதினாறாயிரம் கடனோடு சேரும்.

அவர் மனதில் அதை அடியாகவும் அங்குலமாகவும் மாற்றுவது தெரிந்தது.

"முன்னுக்குப் போன கோடு பின்னுக்கு வருமா தங்கச்சி?"

"வரும்ணே."

"மாசத்துக்கு மூணு அங்குலம்."

"ஆமாண்ணே."

"தீவாளி அட்வான்ஸ் மாதிரின்னீங்களே" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அளவை ஒரு தடவை சரிபார்க்கிறவரைப் போலச் சொன்னார்.

நான் கடிதத்தை மடித்து அவர் பக்கம் தள்ளினேன்.

ஆறு மாதத்துக்குள் கோடு கதவு நிலைக்கு வந்தது. கதிரை வெளியே போயிற்று. ஒவ்வொன்றாக ஆணியைப் பிடுங்கி, முருகன், அம்மன், மாமனார், கல்யாணப் போட்டோ எல்லாரும் இஸ்தோப்புக்குக் குடிபெயர்ந்தார்கள். அதோடு நிற்கவில்லை. அவர் தன் காசில், தன் கையால் கட்டிய இஸ்தோப்புக்குள் கோடு இறங்கியது. வருஷ முடிவில் இரண்டடி.

"திரும்ப லயத்துக்கே போயிரலாம்" என்றார் சரோஜா அக்கா. லயத்துக் காம்பராவில் வேறு குடும்பம் வந்திருந்தது. போக இடமில்லை.

அவர் விடுமுறை நாட்களில் மேசன் வேலைக்குப் போனார். அக்கா ஞாயிற்றுக்கிழமையும் கைக்காசுக்குக் கொழுந்து பறித்தார். வட்டி இறங்கியதும் வங்கி தவணையை இருபத்தெட்டாயிரமாக்கியது. கட்டினார்கள். மீன் வாங்குவதை நிறுத்தினார்கள். கோடு மாதம் ஒரு அங்குலமாக உள்நோக்கித் திரும்பியது. மாத முடிவில் அவர் என்னிடம் துண்டை வாங்கியதும் முதலில் அளவைத்தான் சொல்வார். "நிலைக்கு இன்னும் பதினொன்னு இருக்கு." "எட்டு." "மூணு." அவர்கள் பட்ட பாட்டில் பாதியைக்கூட அவர் வாயால் சொல்லிக் கேட்டதில்லை. அங்குலமாக மட்டும் கேட்டிருக்கிறேன்.

"அடுத்த மாசம் நிலையத் தொட்டுரும் தங்கச்சி. முருகன உள்ள கொண்டு போகணும், நனையிறாரு."

நிலையைத் தொட்டது. முருகன் உள்ளே போகவில்லை.

நமுனுகுல பக்கம் ஒரு தோட்ட எல்லையை அளந்துகொண்டிருந்தபோது குளவிக் கூடு கலைந்தது. எல்லாரும் ஓடினார்கள். அவரும் ஓடினார். ரோட்டோரக் கல்லிலிருந்து நாற்பத்தோரடி தூரத்தில் விழுந்தவர் எழவில்லை என்று அளவையாளர் ஐயா சொன்னார். இவ்வளவு சரியாக எப்படித் தெரியும் என்று கேட்டேன். டேப்பின் நுனி கல்லில் மாட்டியிருந்தது, பெட்டி அவர் கையில் இருந்தது என்றார்.

அவருக்கு நாற்பத்தைந்து வயது.

சவப்பெட்டியை வீட்டுக்குள் வைக்கத் தூக்கினார்கள். சரோஜா அக்கா கதவில் நின்று மறித்தார்.

"உள்ள வேணாம். அவரு எடத்துலயே வைங்க."

இஸ்தோப்பில் வைத்தார்கள். மழைக்குத் தறப்பாள் கட்டினோம்.

காப்புறுதிக் காசு மூன்று மாதம் கழித்து வந்தது. முழுக் கடனும் தீரவில்லை. வட்டி ஏறாமல் இருந்திருந்தால் எவ்வளவு மிச்சம் இருந்திருக்குமோ அதை மட்டுமே காப்புறுதி கட்டும். கூடிப்போன இரண்டு லட்சத்துச் சொச்சம் அப்படியே நின்றது. அதுவும் நான் நிரப்பிய பத்திரத்தில்தான் இருந்தது.

அக்காவிடம் சொல்ல நானே போனேன். அவர் அழவில்லை. பெட்டியோடு அந்த டேப்பைக் கொண்டுவந்து என் கையில் கொடுத்தார்.

"எனக்கு நம்பர் வாசிக்கத் தெரியாது புள்ள. இப்ப எது வரைக்கும்னு போட்டுக் காட்டு."

முன் கதவு நிலையில் நுனியை அவர் பிடித்தார். நான் பெட்டியோடு உள்ளே நடந்தேன். டேப் அண்ணன் ஆறு வருஷம் ஆணி அடிக்காத சுவர்களைத் தாண்டி, ஹோலைத் தாண்டி, அறையைத் தாண்டி, இருபத்தேழாவது அடியில் குசினிக்குள் குனிந்து கோடு போட்டேன். அடுப்பு கோட்டுக்கு அந்தப் பக்கம் இருந்தது.

"அடுப்பு மட்டும் இன்னும் பேங்குக்கு" என்றார் அக்கா. பிறகு, "அவரு இருந்திருந்தா இந்நேரம் அடுப்பத் தூக்கி இங்கிட்டு வச்சிருப்பாரு" என்று சொல்லிச் சிரித்தார். அப்போதுதான் இரண்டு பேரும் அழுதோம்.

இப்போது என் மேசைக்கு வருகிறவர்களிடம், இது தீபாவளி அட்வான்ஸ் மாதிரி இல்லை என்றுதான் பேச்சைத் தொடங்குகிறேன். மொத்தம் எவ்வளவு கட்டுவீர்கள், வட்டி ஏறினால் என்ன ஆகும் என்பதைக் கல்குலேட்டரில் தட்டி, அவர்கள் பக்கம் திருப்பி வைக்கிறேன். சிலர் எழுந்து போய்விடுகிறார்கள். கடன் இலக்கு பற்றி மேலாளர் இரண்டு தடவை கூப்பிட்டுப் பேசிவிட்டார்.

மாதம் ஒரு தடவை தெமோதரைக்குப் போய் அக்காவுக்குக் குசினிக் கோட்டை நகர்த்திக் கொடுக்கிறேன். முருகன் ஹோலின் நடுச்சுவரில் இருக்கிறார். முன் கதவு நிலையில் டேப் அண்ணன் கடைசியாகக் கிழித்த கோடு ஆட்கள் நடந்து நடந்து அழிந்துவிட்டது. ஆனாலும் அந்த இடம் வந்ததும் நான் காலைத் தூக்கித் தாண்டித்தான் உள்ளே போகிறேன்.