நூறு சதவீதம் ஆகும்வரை கையை எடுக்கக் கூடாது

இந்த அநியாயத்தை யாரிடம் போய்ச் சொல்வேன்? ஊரெல்லாம் வைஃபை பெட்டி மாட்டிப் பிழைப்பவன் நான். "ரெண்டே நாள் மாமா" என்று வந்த மச்சினன், மூன்று மாதமாக என் வேலை அறையில் படுத்து, என் வைஃபையில் படம் பார்க்கிறான். நான் சமையலறை மூலையில் வேலை பார்க்கிறேன்!

பொறுத்தது போதும் என்று கிளம்பினேன். பெட்டிக்குப் புது ஃபர்ம்வேர் வந்திருந்தது. அதாவது, பெட்டியின் மூளையையே மாற்றும் ஃபைல். அதை ஏற்றினால் எந்த போனுக்கும் நேரக் கட்டுப்பாடு போடலாம். மச்சினனுக்குத் தினம் பத்து நிமிஷம். தானாக மூட்டை கட்டுவான்.

கண்ட இடத்தில் ஃபைல் எடுப்பவனா நான்? கம்பெனி தளத்தில்தான் எடுத்தேன். பெட்டியைக் கவிழ்த்து மாடல் நம்பர் பார்த்தேன். ஃபைல் பழுதில்லை என்று காட்டும் அறுபத்துநாலு எழுத்தையும் ஒவ்வொன்றாக ஒப்பிட்டேன். என் கல்யாணப் பத்திரிகையைக்கூட இவ்வளவு கவனமாகப் படித்ததில்லை. படித்திருக்க வேண்டும்.

ஏற்ற ஆரம்பித்தேன். பிளக் ஆடியது. பாய்ந்து அழுத்திப் பிடித்தேன். வலது கை பிளக்கில், இடது கையில் லேப்டாப்.

"என்னங்க இது கோலம்?" என்றாள் மனைவி.

"கிட்ட வராத! நடுவுல கரண்ட் போச்சுன்னா பெட்டி எதுக்கும் ஆகாத செங்கல்தான்!"

"ஆடுற பிளக்க மாத்துங்கன்னு ரெண்டு வருஷமா சொன்னேனே?"

"இப்ப அதுவா முக்கியம்?"

"எவ்வளவு நேரம் இப்படி?"

"கால் மணி நேரம். அசையக் கூடாது."

அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"புது அப்டேட்ல போனுக்கு நேரக் கட்டுப்பாடு வருதாமே?"

"உனக்கு யார் சொன்னா?"

"நீங்க ஃபைல் எடுத்த பக்கத்துலயே போட்டிருக்கு. எனக்கும் படிக்கத் தெரியும். சரி, ரெண்டு விஷயம். தம்பி இன்னும் ஆறு மாசம் இங்கதான் இருப்பான். அவன் போன்மேல யாரும் கை வைக்கக் கூடாது."

"அக்கிரமம்! இது என் வீடு! நான் ஒத்துக்கவே மாட்டேன்!"

"கத்தாதீங்க, முறைப்படி ஓட்டுப் போட்டுடலாம். டேய் தம்பி, இங்க வா!"

மச்சினன் என் தலையணையோடு வந்து நின்றான். திரையில் நாற்பத்தொரு சதவீதம்.

"ஆட்சேபணை உள்ளவங்க கையத் தூக்கலாம்," என்றாள்.