ஒரு மூடை சாட்சி

"பத்திரகாளி வீடு எதும்மா?" வெள்ளைச் சட்டையில் ஃபைலும் கையுமாக வந்தவர் பத்திரகாளியிடமே கேட்டார்.

"அப்படி யாரும் இங்கன இல்லையே."

நாரணாபுரத்தில் ஃபைல் வைத்திருக்கிறவருக்கு யாரும் வீடு காட்டுவதில்லை. அதிலும் பத்திரகாளியின் கட்டிலுக்கடியில் ஒரு மூடை கருந்திரி கிடந்தது. பட்டாசுக்குப் போடுகிற திரி. வீட்டில் வைத்துத் திரித்தால் கேஸ். எதிர்வீட்டு சம்சாத்துக்குக் கண்ணைக் காட்டினாள். சம்சாத் பக்கத்து வீட்டு வெள்ளைத்துரைக்குக் காட்டினாள். தெரு முழுக்க ஒரே பதில்.

"பத்திரகாளியா? கேள்விப்பட்டதே இல்லையே."

வந்தவர் டீக்கடைப் பக்கம் நடந்தார். அந்நேரம் பார்த்து மகள் பிரீத்திகா போனில் கூப்பிட்டாள்.

"அம்மா, என் சாதிச் சான்றிதழ் உண்மையான்னு விசாரிக்க இன்னைக்கு ஆள் வாராகளாம். சரின்னு எழுதிக் குடுத்தாத்தான் ரயில்வே வேலை. வெரட்டி விட்றாத."

"வெரட்டியாச்சுடி."

"போயிக் கூட்டிட்டு வா. பயப்படாத. நம்ம பக்கத்தச் சொல்றதுக்கும் சாட்சி காட்டுறதுக்கும் நமக்கு உரிமை இருக்கு. எழுதுனதுக்கு நகலும் கேட்டு வாங்கு."

பத்திரகாளி செருப்புக்கூடப் போடாமல் ஓடினாள்.

"சார், நாந்தான் பத்திரகாளி."

"அப்படி ஆளே இல்லைன்னீக?"

"அது அப்ப."

"இங்க பாருங்கம்மா, நான் எங்கேருந்து வாரேன்னா..."

"தெரியும் சார். வீட்டுக்கு வாங்க."

வாசல் வரைக்கும் வந்தவர் நின்றார். "நீங்கதான் பத்திரகாளின்னு யாரு சொல்லுவா?"

"ஏ சம்சாத், நான் யாருன்னு சாருக்குச் சொல்லு."

சம்சாத் சொன்ன சொல் மாறாதவள். "இவுகள நான் பாத்ததே இல்ல சார். அப்படித்தானக்கா?"

பத்திரகாளி கண்ணைச் சிமிட்டினாள். சம்சாத் இன்னும் உறுதியானாள். "இந்த ஊரே இல்ல சார் இவுக."

"ஏ கூறுகெட்டவளே, இது அந்த விசாரணை இல்லடி. மக வேலை விஷயம்."

"எந்த விசாரணை?" என்றார் அவர்.

"ஒண்ணுமில்ல, நீங்க உக்காருங்க."

உள்ளே வந்து உட்கார்ந்து ஃபைலைத் திறந்தார். "எத்தன வருஷமா இங்கன இருக்கீக?"

"மூணு தலமுறையா. சொந்த வீடு. இங்க இருக்கது அம்புட்டும் எங்களுது."

"கட்டிலுக்கடியில இருக்கதும்?"

பத்திரகாளி யோசித்தாள். சாதி பார்க்க வந்தவருக்குத் திரியில் என்ன வேலை? பூர்வீகத்தைக் காட்ட இதைவிட என்ன வேண்டும்?

"கருந்திரி சார். எங்க மாமனார் காலத்துலேருந்து இதே மூலையிலதான் திரிக்கோம். விடாம எழுதுங்க."

பேனா ஒரு நிமிஷம் நின்றது. அவளை ஏற இறங்கப் பார்த்துவிட்டு எழுதினார்.

"சாதிய எழுதலையே சார்?"

"இதுக்கு அது தேவையில்லம்மா."

அங்கேதான் அவளுக்குச் சந்தேகம் தட்டியது. சாதியை விசாரிக்க வந்தவர் சாதியை மட்டும் விடுகிறார் என்றால், எவனோ மொட்டைக் கடுதாசி போட்டு ஆளைக் கைக்குள் போட்டிருக்கிறான்.

"எழுதாம இங்கேருந்து எந்திரிக்க முடியாது. எங்க உரிமை."

எழுதினார். அவள் சான்றிதழை எடுத்து வந்து அந்த ஒரு வரியை மட்டும் எழுத்துக்கு எழுத்து சரிபார்த்துக் கையெழுத்துப் போட்டாள். சம்சாத்தும் வெள்ளைத்துரையும் சாட்சிக் கையெழுத்து.

"நகல் வேணும் சார்."

"இதுக்கெல்லாம் யாரும் நகல் கேக்க மாட்டாகளே?"

"நான் கேப்பேன்."

வெள்ளைத்துரை ஓடிப்போய் ஜெராக்ஸ் எடுத்து வந்தார்.

"அந்த மூடைய நான் கொண்டுபோறேன்."

"எதுக்கு சார்?"

"சாட்சிக்கு."

"சாட்சிக்குத்தான, தாராளமா." முக்கில் நின்ற போர்டு இல்லாத ஜீப் வரைக்கும் ஒரு கை பிடித்து ஏற்றியும் விட்டாள்.

"கூப்பிட்டா வரணும்மா."

"எங்கன கூப்பிட்டாலும் வாரேன் சார்."

ஜீப் கிளப்பிய புழுதி அடங்குவதற்குள் ஸ்கூட்டியில் ஒரு அம்மா வந்து இறங்கினார். அவர் கையிலும் ஃபைல்.

"பிரீத்திகா வீடு எது? சாதிச் சான்றிதழ் விசாரணை."

"இதாம்மா. எத்தன பேரைத்தான் அனுப்புவீக? இப்பத்தான உங்க சார் எழுதிட்டுப் போறாரு. இந்தா நகல்."

அந்த அம்மா கையெழுத்து வரைக்கும் படித்தார். மறுபடி மேலேயிருந்து படித்தார்.

"பூர்வீகம், சாதி, ரெண்டு சாட்சி எல்லாம் சுத்தமா இருக்கும்மா, மகளுக்கு வேலை வந்துரும்; ஆனா இது எங்க தாலுகா ஆபீஸ் தாள் இல்ல, கருந்திரிக் கேஸுல நீங்க போலீஸுக்கு எழுதிக் குடுத்த வாக்குமூலம்."