லென்ஸ் வேண்டாதவர்

பார்த்த மாத்திரத்தில் பெயர் சொல்லிவிடும் ஓர் இனம் பெங்களூரில் ஏராளம். இந்த ஊர்ச் சீதோஷ்ணம் அதற்கு ஒத்துக்கொள்கிறது. வானத்தில் வெளிச்சம் நகர்ந்தால் ஸ்புட்னிக் என்பார். கப்பன் பார்க்கில் எந்த மரத்தைக் காட்டினாலும் பெயர் வரும். மரத்தில் அடித்திருக்கும் தகரம் வேறு பெயர் சொன்னால், தகரத்தை மாற்றி அடித்துவிட்டார்களாம். தப்பு என்றைக்காவது அவர் பக்கம் இருந்ததுண்டா?

எங்கள் பூச்சி ஆராய்ச்சி ஆபீசுக்கு வாய்த்தவர் கஸ்தூரிரங்கன். வெள்ளைக் கோட்டு, கோட்டுப் பையில் லென்ஸ், லென்ஸுக்கு ஒரு நாளும் திறக்காத தோல் உறை. பூச்சித் தட்டைக் கை நீட்டிய தூரத்தில் பிடித்து, புருவத்தைத் தூக்கி, தொண்டையைக் கனைத்து... தீர்ப்பு!

போன வாரம் மாட்டிக்கொண்டவர் மர்பி டவுன் மதலைமுத்து. வலை வீசிப் பூச்சி பிடித்து, ஊசி குத்தி வைக்கிறவர். ஆறு வருஷமாக டெம்பரரி. பர்மனென்ட் ஆக்கும் ரிப்போர்ட்டில் கஸ்தூரிரங்கன் கையெழுத்து ஒன்றுதான் பாக்கி. அத்திபெலே பக்கம் ஓடைக்கரையில் பிடித்த, மிளகு அளவில் பச்சையாக மின்னும் பூச்சி ஒன்றை மதலைமுத்து ஈக்களுக்கான தட்டில் வைத்திருந்தார்.

"என்னப்பா, வண்டைக் கொண்டுபோய் ஈயோட வெச்சிருக்கே? ஆறு வருஷமா என்னத்தைக் கத்துண்டே?"

"சார், ஒருதபா லென்ஸ் வெச்சு..."

"எனக்கா? முதுகு ஓடு பளபளங்கறது, லென்ஸ் எதுக்கு? வண்டுக்குக் குத்தற மாதிரி குத்து. ரிப்போர்ட்டை அப்புறம் பாக்கலாம்."

வண்டின் முதுகு ஓடு நடுவில் பிளந்து இரண்டாக இருக்கும்; வலது ஓட்டில் ஊசி குத்துவது தொழில் வழக்கம். மதலைமுத்து ஊசியை எடுத்தார். பூச்சியைத் திருப்பினார். மறுபடி திருப்பினார்.

"குத்திர்றேன் சார். வலது ஓடு எது சார்? நடுவுல கோடே காணோமே?"

கஸ்தூரிரங்கனின் தோல் உறை திறந்தது! அவருக்குப் பிறகு நானும் லென்ஸை வாங்கிப் பார்த்தேன். அடடா, வண்டு வேஷம் கட்டிய ஈ! மரகதக் கிண்ணத்தைக் கவிழ்த்த மாதிரி பிளவில்லாத ஒரே ஓடு. அதன் அடியில் மடித்து ஒளித்த ஒரே ஜோடி இறக்கை. இத்தனூண்டு பொய் இவ்வளவு அழகாக இருக்குமா? எனக்குக் கண் கலங்கிவிட்டது.

கஸ்தூரிரங்கனுக்கு ஒன்றும் கலங்கவில்லை. "கண்டுபிடிச்சுட்டியே! உனக்கு டெஸ்ட் வெச்சேன்ப்பா!" என்றார். 'என் நேரடிப் பயிற்சியில் நன்கு தேறியவர்' என்று ரிப்போர்ட்டில் எழுதிக் கையெழுத்தும் போட்டார். மதலைமுத்து பர்மனென்ட். லென்ஸ் மறுபடி உறைக்குள்.

சிரிக்கிறீர்கள். முதல் பத்தியிலேயே "இது நம்ம பக்கத்து வீட்டுக்காரர்தான்" என்று தீர்மானித்துவிட்டீர்கள், இல்லையா? லென்ஸ் வைத்துப் பார்த்தீர்களா?